சர் மோட்சகுண்டம் விசுவேசுவரய்யா

நீரை ஆளுந் திறனும் நாட்டை ஆளுந் திறனும் ஒருவரிடத்தே ஒருங்கு அமைதல் உலகில் அரிதாகவே காணப்படுகின்றது. நம் கொங்கு நாட்டிலே பதின்மூன்றாம் நூற்றாண்டிற் பாண்டியர்க்கு அதிகாரியாய் விளங்கிய காலிங்கராயர், பவானியாறு காவிரியோடு கூடும் இடத்திற்கு அணித்தாக அணை கட்டி, ஏறக்குறைய 56 மைல் நீளமுள்ள வாய்க்காலை வெட்டுவித்தார் என்பதை நாம் அறிவோம். கடல் கடந்த அமெரிக்காவிலும், அந்நாடு விடுதலை பெற்ற புதிதில், ஜேம்ஸ் கெடிஸ் என்னும் பெரியார் ஒருவர் இருந்தார். அவர் 1813 முதல் 1815 வரை அந்நாட்டுக் காங்கிரஸ் மகாசபையில் அங்கத்தினராய் அமர்ந்தவர். 1825-ல் முற்றுப்பெற்ற 363 மைல் ஈரிக் கால்வாய்க்கு நிலம் அளந்து வழி கண்டவரும் அவரே. இத்தகையோர் வரிசையிலே, நமக்கு அண்மைக் காலத்தில், நம் அயல் நாடாகிய மைசூரில் இஞ்சினியராகவும் திவானாகவும் விளங்கியவர் சர் மோட்சகுண்டம் விசுவேசுவரய்யா ஆவர். அன்னாருடைய சரித்திரத்தை ஈண்டுச் சுருக்கமாக எழுதப் புகுந்தோம்.

எழுதப் புகுமுன் ஒன்றைச் சொல்லிவிடுதல் நேர்மையாகும். விசுவேசுவரய்யாவின் பெயரால் நிலைபெற்ற பேரணை, காவிரியின் குறுக்கே, நமக்கு மேற்புறத்தில் நிற்கின்றது. அவ்வணை நிரம்புவதும் வற்றுவதும் மேட்டூரிலும், பவானி, ஈரோடு, கரூர்க் கரைகளிலும், தஞ்சை வயல்களிலும் தெரியும். ஆகவே, அவர் பெயரைக் கேட்டவுடன் கன்னட நாட்டார் மகிழ்வதைப் போல நாமும் ஆராயாது மகிழ்ந்துவிடல் இயலாது. கீழ்மடைக்காரன் மேல்மடைக்காரனைப் புகழ வேண்டுமாயின், காரணங் காட்டிப் புகழ வேண்டும். அக்காரணம் அவர் வாழ்க்கையிலேயே இருக்கின்றது என்பது நம் கருத்து. எதனையும் அளந்து பாராமற் செய்யாதவர் அவர். அந்த அளவே அவருடைய பெருமைக்கு வித்தாயிற்று; அந்த அளவுகோலுக்கு எட்டாத ஒன்றும் அவர் வாழ்விலே இருந்தது. இரண்டையும் காண்போம்.

பிறப்பும் கல்வியும்

மைசூர் சமஸ்தானத்தில், நந்திமலைக்கு அருகே, சிக்கபள்ளாபுரத்தைச் சார்ந்த முத்தேனஹள்ளி என்னும் சிற்றூரில் 1860-ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம் 15-ஆம் நாள் விசுவேசுவரய்யா பிறந்தார். அவருடைய முன்னோர் தெலுங்கு நாட்டிலுள்ள மோட்சகுண்டம் என்னும் ஊரினின்று குடியேறியவர். அவ்வூர்ப் பெயரே குடும்பப் பெயராக நிலைத்தது. தந்தையார் சீனிவாச சாஸ்திரிகள் வடமொழி கற்றவர், தாயார் வெங்கடலட்சம்மாள். கல்விச் செல்வம் உண்டு, பொருட்செல்வம் இல்லை. மகன் இளைஞனாய் இருக்கும்போதே தந்தையார் காலமாயினர். குடும்பத்தின் வறுமை மிகுந்தது.

சிக்கபள்ளாபுரத்தில் ஆரம்பக் கல்வியை முடித்துக்கொண்டு பெங்களூர் சேர்ந்த அவர், அங்கே பிறர் வீட்டுப் பிள்ளைகளுக்குப் பாடஞ் சொல்லிக் கொடுத்து, அதில் வந்த ஊதியத்தைக் கொண்டு தம் படிப்பை நடத்தினார். சென்ட்ரல் கலாசாலையிற் பயின்று 1881-ல் பி.ஏ. பரீட்சையில் தேறினார். அக்காலத்தில் மைசூருக்கென்று தனியாக ஒரு சர்வகலாசாலை கிடையாது. பெங்களூர்க் கலாசாலை சென்னைச் சர்வகலாசாலையைச் சார்ந்திருந்தது. எனவே, விசுவேசுவரய்யா பெற்ற முதற் பட்டம் சென்னை தந்த பட்டமேயாம். தமிழ்நாட்டுக் கல்லூரிகளிற் பயிலும் நாம் அவரை முற்றிலும் அயலாராகக் கருத வேண்டுவதில்லை.

அப்பால், மைசூர் அரசாங்கம் அளித்த உதவிச் சம்பளத்தைக் கொண்டு புனா நகரிலிருந்த விஞ்ஞானக் கலாசாலையிற் சேர்ந்து சிவில் இஞ்சினியரிங் பயின்றார். 1883-ல் நடந்த இறுதிப் பரீட்சையில் முதல்வராகத் தேறினார். மறு ஆண்டே பம்பாய் ராஜதானியின் மராமத்து இலாகாவில் உதவி இஞ்சினியர் உத்தியோகம் கிடைத்தது. ஆசிரியர் வேலையால் வயிறு வளர்த்த ஏழை மாணவர் இருபத்து மூன்றாம் பிராயத்தில் அரசாங்க இஞ்சினியர் ஆயினார்.

பம்பாய் ராஜதானியில் ஆற்றிய பணி

1884 முதல் 1908 வரை இருபத்து நான்கு ஆண்டுகள் அவர் பம்பாய் ராஜதானியில் உழைத்தார். அக்காலத்தில் அவர் செய்த காரியங்களுள் மூன்றை மட்டும் ஈண்டுக் குறிப்போம்.

முதலாவது, சிந்து நாட்டிலுள்ள சுக்கூர் நகருக்குக் குடிநீர் அளித்தது. சிந்து நதியின் நீரோ சேறு கலந்தது. அதை வடிகட்டப் பெரிய தொட்டிகள் கட்டுவதற்கு நகரசபையிடம் பணம் இல்லை. விசுவேசுவரய்யா ஆற்றின் படுகையிலேயே கிணறு தோண்டுவித்தார். மணலினூடே ஊறி வந்த நீர் தானே தெளிந்து கிணற்றில் நின்றது. அதனை மேலேற்றி நகருக்கு விடுத்தார். மணல் செய்யும் வேலைக்குத் தொட்டி எதற்கு என்பதே அவர் கண்ட எளிய உண்மை. நொய்யலாற்று மணலில் ஊற்றுத் தோண்டி நீர் முகந்த நம் முன்னோர்க்கு இது புதிதன்று. ஆயினும், நகர் முழுவதற்கும் போதுமாறு அளவிட்டு அமைத்தது அவருடைய திறமை.

இரண்டாவது, தானே இயங்கும் மதகுக் கதவுகள். புனாவுக்கு அருகேயுள்ள கடக்வாஸ்லா ஏரியிலே வெள்ளக் காலத்தில் மிகுதி நீர் கலிங்கின் வழியே வீணே வழிந்தோடிற்று. அணையை உயர்த்தினாலோ செலவு பெரிது. பழைய சுவர் தாங்குமோ என்ற ஐயமும் உண்டு. விசுவேசுவரய்யா கலிங்கின்மேற் கதவுகளை அமைத்தார். நீர் குறிப்பிட்ட மட்டத்திற்கு ஏறும்வரை கதவு மூடியிருந்து நீரைத் தேக்கும். அம்மட்டத்தைக் கடந்தால், ஆள் தொடாமலே, நீரின் விசையினாலேயே கதவு திறந்து வெள்ளத்தை வெளியேற்றும். வெள்ளம் தணிந்ததும் மீண்டும் மூடிக்கொள்ளும். இவ்வமைப்பு 1903-ல் அங்கே நிலைபெற்றது. பின்னர் குவாலியர் சமஸ்தானத்துத் திக்ரா அணையிலும், கிருஷ்ணராஜ சாகரத்திலும் இத்தகைய கதவுகள் அமைந்தன.

மூன்றாவது, பாசன நீரைப் பகிர்ந்தளிக்கும் முறை. தக்காணத்துக் கால்வாய்களில் தலைமடையிலிருந்தோர் கரும்புக்கு வேண்டியவாறு நீரைப் பாய்ச்சிக்கொள்ள, கடைமடையிலிருந்தோர் வெறும் வாய்க்காலைப் பார்த்து நின்றனர். நிலங்களைப் பகுதி பகுதியாகப் பிரித்து, ஒவ்வொரு பகுதியிலும் மிகுநீர்ப் பயிரும் குறைநீர்ப் பயிரும் மாறி மாறி வரும்படி வகுத்து, நீரைப் பல கிராமங்களுக்கும் பரவச் செய்வது அவருடைய திட்டம். தொடக்கத்தில் விவசாயிகளும் பத்திரிகைகளும் இதனை எதிர்த்தனர். அவர் ஊர்தோறும் சென்று விளக்கினார்; எதிர்த்தவருட் பலர் பின்னர் உடன்பட்டனர். தலைமடையும் கடைமடையும் ஒரே வாய்க்காலின் மக்கள் என்ற இக்கொள்கையை நாம் இவ்விடத்தே குறித்துக்கொள்வோமாக. பின்னர் இது நமக்குப் பயன்படும்.

இவற்றுக்கிடையில், 1898-ல் அவர் தம் செலவில் ஜப்பானுக்குச் சென்று, ஆசிய நாடொன்று கல்வியாலும் தொழிலாலும் உயர்ந்தவாற்றைக் கண்டு வந்தார். 1906-ல் ஏடன் நகரின் குடிநீர், கழிவுநீர் வசதிகளை ஆராய்ந்து யோசனை கூறினார். ஆயினும், ராஜதானியின் பிரதம இஞ்சினியர் பதவி அக்காலத்தில் இந்தியர் எவர்க்கும் எட்டாததாய் இருந்தது. அதனை உணர்ந்த அவர், வயது முதிரும் முன்னரே 1908-ல் அவ்வேலையினின்றும் விலகிக்கொண்டார்.

ஐதராபாத் வெள்ளம்

அவ்வாண்டு செப்டம்பர் மாதம் 28-ஆம் நாள் ஐதராபாத் நகரிலே மூசி ஆறு பெருகி, ஆயிரக்கணக்கான மக்களை ஓரிரவிற் கொண்டுபோயிற்று. ஐரோப்பாவில் யாத்திரை செய்துகொண்டிருந்த விசுவேசுவரய்யாவை நிஜாம் அரசாங்கத்தார் வேண்டி அழைத்தனர். 1909-ல் அங்கு வந்து சேர்ந்த அவர், நகரின் கரைகளை மட்டும் உயர்த்தி அமைதி பெறவில்லை. மழை எவ்வளவு பெய்தது, எந்த ஏரி எப்பொழுது உடைந்தது, நீர் எவ்வளவு வேகத்தில் வந்தது என்பனவற்றையெல்லாங் கணக்கிட்டு, நகருக்கு மேலே மூசியின் குறுக்கே ஒன்றும், அதன் கிளையாகிய ஈசியின் குறுக்கே ஒன்றுமாக இரண்டு நீர்த்தேக்கங்கள் வேண்டும் என்று யோசனை கூறினார். அவ்வாறே உஸ்மான் சாகர் 1920-லும், ஹிமாயத் சாகர் 1927-லும் முடிவெய்தின. நகரை அழித்த நீரே பின்னர் அந்நகர் மக்களின் குடிநீராயிற்று.

கண்ணம்பாடி அணை

1909-ஆம் ஆண்டு நவம்பரில் அவர் தாய்நாடாகிய மைசூருக்குப் பிரதம இஞ்சினியராக வந்தார். அப்பொழுது அரசு புரிந்தவர் நால்வடி கிருஷ்ணராஜ உடையார் என்னும் நன்மன்னர். ஏற்கெனவே 1902 முதல் சிவசமுத்திர அருவியினின்றும் மின்சாரம் உண்டாக்கி, 92 மைலுக்கு அப்பாலுள்ள கோலார்த் தங்கவயலுக்கு அனுப்பி வந்தனர். அச்சுரங்கங்களில் இறங்கி உழைத்தவர்களிற் பெரும்பகுதியினர் வட ஆர்க்காடு முதலிய ஜில்லாக்களினின்று சென்ற நம் தமிழ் மக்கள் என்பது நினைவிலிருத்தத் தக்கது. கோடையிற் காவிரியில் நீர் குறையும்போது மின்சாரமும் குறைந்தது. ஆற்றை மறித்துத் தேக்கினால் கோடையிலும் மின்சாரம் குன்றாது. மண்டியா முதலிய வறண்ட பகுதிகளுக்குப் பாசனமும் கிடைக்கும். இவ்விரு பயனையும் கருதி, மைசூருக்கு வடமேற்கே கண்ணம்பாடி என்னுமிடத்தில் அணை கட்ட விசுவேசுவரய்யா திட்டம் வகுத்தார்.

பணம் மிகுதியாக வேண்டியிருந்ததால் அரசாங்கத்தார் தயங்கினர். மின்சாரம் விற்று வரும் வருமானம் எவ்வளவு, நிலவரி உயர்வால் வருவது எவ்வளவு என்று ஒவ்வொன்றாகக் கணக்குக் காட்டி அவர் மன்னரின் சம்மதத்தைப் பெற்றார். 1911-ல் வேலை தொடங்கிற்று. சீமைச் சிமெண்டை விலை கொடுத்து வாங்குவதற்குப் பதிலாக, சுண்ணாம்பும் செங்கற்பொடியும் சேர்த்தரைத்த சுர்க்கிச் சாந்தினாலேயே அணை எழுந்தது. 130 அடி உயரமும், ஏறத்தாழ 8,600 அடி நீளமும் உடைய அவ்வணை படிப்படியாக வளர்ந்து, 1930-களின் தொடக்கத்தில் முற்றுப்பெற்றது. மன்னர் பெயரால் கிருஷ்ணராஜ சாகரம் எனப்பட்டது. அணையினின்றும் பிரிந்த கால்வாயால் மண்டியாப் பகுதி நெல்லும் கரும்பும் விளையும் நாடாயிற்று. பிற்காலத்தார் அக்கால்வாய்க்கு விசுவேசுவரய்யாவின் பெயரையே இட்டனர். இப்பெருங் காரியத்தின் பொருட்டுக் கண்ணம்பாடி முதலிய பல கிராமங்கள் நீருள் மூழ்கின. அங்கே வாழ்ந்த குடிகள் தம் மனையையும் மண்ணையும் விட்டுப் பெயர்ந்தனர். அணையின் பயனைக் கணக்கிடுவோர் இவ்விழப்பையும் அக்கணக்கில் எழுதிக்கொள்ளல் வேண்டும்.

சென்னை ராஜதானியோடு நேர்ந்த வழக்கு

இனி, நமக்கு நேரே தொடர்புள்ள செய்திக்கு வருவோம். காவிரி நீரைப்பற்றி மைசூருக்கும் சென்னைக்கும் 1892-ல் ஓர் உடன்படிக்கை ஏற்பட்டிருந்தது. அதன்படி, மேலே உள்ள மைசூர் புதிய அணை கட்டுமுன் கீழே உள்ள சென்னையின் சம்மதத்தைப் பெறவேண்டும். கண்ணம்பாடியில் 41.5 டி.எம்.சி. நீரைத் தேக்க மைசூர் விரும்பிற்று. டி.எம்.சி. என்பது நூறு கோடி கன அடி நீராகும். தஞ்சையின் பழம் பாசனம் கெடும் என்று அஞ்சிய சென்னை அரசாங்கம், 11 டி.எம்.சி. அளவிற்கு மட்டுமே இணங்கிற்று. மைசூரோ, சிறிய அணையைக் கட்டும்போதே, பின்னர் உயர்த்துவதற்கு ஏற்ற அகன்ற அத்திவாரத்தை இட்டுவிட்டது.

இதனைக் கீழ்மடையில் நின்று பார்ப்போமாயின், சென்னையார் கொண்ட ஐயம் நியாயமே என்று தோன்றும். பெரிய அத்திவாரத்தை இட்டவர் சிறிய சுவரோடு நிற்பாரா? மேல்மடையில் நின்று பார்ப்போமாயின், வறண்ட நிலத்தை வைத்துக்கொண்டு, கண்முன்னே ஓடும் ஆற்றைத் தொடாதிருக்க எவ்வாறு இயலும் என்று தோன்றும். இருதரத்தார்க்கும் நியாயம் உண்டு. அதனாலேயே வழக்கு நீண்டது. அலகாபாத் ஹைகோர்ட்டு நீதிபதி கிரிப்பின் மத்தியஸ்தராக இருந்து 1914-ல் தீர்ப்பளித்தார். மைசூருக்குச் சாதகமான அத்தீர்ப்பைச் சென்னை ஏற்கவில்லை, மேன்முறையீடு செய்தது. இறுதியில் 1924-ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம் 18-ஆம் நாள் புதிய உடன்படிக்கை கையொப்பமாயிற்று. அப்பொழுது விசுவேசுவரய்யா திவான் பதவியினின்றும் விலகி ஐந்து ஆண்டுகள் கடந்துவிட்டன. அவ்வுடன்படிக்கையால் கிருஷ்ணராஜ சாகரத்தில் 44.827 டி.எம்.சி. தேக்க மைசூர் உரிமை பெற்றது, மேட்டூரில் 93.5 டி.எம்.சி. தேக்கச் சென்னை உரிமை பெற்றது. மறு ஆண்டே தொடங்கிய மேட்டூர் அணை 1934-ல் முடிந்தது.

இதனோடு பிணக்கு ஒழியவில்லை. 1924-ஆம் ஆண்டு உடன்படிக்கையின் சில விதிகளை ஐம்பது ஆண்டுகளுக்குப்பின் மறுபடி ஆராயவேண்டும் என்றிருந்தது. 1974-ல் அக்காலம் வந்தபோது மீண்டும் வழக்கு மூண்டது. 1990-ல் காவிரி நடுவர் மன்றம் அமைந்தது. 2007-ல் அதன் இறுதித் தீர்ப்பு வந்தது. 2018-ல் சுப்ரீம் கோர்ட்டு அதனைத் திருத்தி, பிலிகுண்டுலுவில் ஆண்டொன்றுக்கு 177.25 டி.எம்.சி. நீரைக் கர்நாடகம் விடவேண்டும் என்று விதித்தது. இத்துணை ஆண்டு வழக்கிலும் நாம் காணும் உண்மை ஒன்றுண்டு. ஆரவாரத்தால் ஒரு துளி நீரும் கிடைத்ததில்லை. எவ்வளவு மழை, எவ்வளவு வரத்து, எவ்வளவு பயிர் என்று அளந்து எழுதிய ஏடுகளே மன்றத்தில் நின்றன. தக்காணத்துக் கால்வாயிலே தலைமடைக்கும் கடைமடைக்கும் பொதுவாக அவர் வகுத்த அந்த முறையே இரு நாடுகளுக்கும் வேண்டுவது. ஒரு கால்வாய்க்குள் எளிதான அது, எல்லைக்கோடு இடையே விழுந்தபோது அரிதாயிற்று.

திவான் பதவி

1912-ஆம் ஆண்டு நவம்பரில் மன்னர் அவரைத் திவானாக நியமித்தார். பதவியை ஏற்குமுன், தம் உற்றார் உறவினரை அழைத்து, தமக்காகவோ பிறர்க்காகவோ யாதொரு சலுகையும் கேட்டு வருவதில்லையென அவர்கள் உறுதி தந்த பின்னரே அவர் சம்மதித்தார் என்று சொல்லுவர். அரசாங்க வேலைக்கு அரசாங்க மெழுகுவத்தியும், சொந்த வேலைக்குத் தம் பணத்தில் வாங்கிய மெழுகுவத்தியும் ஏற்றுவார் என்ற கதையும் வழங்குகின்றது. கதை எவ்வாறாயினும், பொதுப் பணத்தில் அவர் கை கறைபட்டதாகப் பகைவரும் கூறியதில்லை.

அவர் திவானாயிருந்த ஆறு ஆண்டுகளில் மைசூரில் எழுந்தவை பல. 1913-ல் மைசூர் பாங்கி தொடங்கிற்று. பிற்காலத்தில் ஸ்டேட் பாங்க் ஆப் மைசூர் எனப் பெயர் பெற்ற அது, 2017-ல் பாரத ஸ்டேட் பாங்கியோடு இணைந்தது. 1915-ல் கன்னட மொழியின் வளர்ச்சிக்காகக் கன்னட சாகித்திய பரிஷத்து ஏற்பட்டது. 1916-ல் மைசூர்ச் சர்வகலாசாலை நிறுவப்பெற்றது. தாம் சென்னைப் பட்டம் பெற்ற காலத்துக் குறையை அவரே நீக்கினார். சந்தன எண்ணெய்த் தொழிற்சாலையும் சவுக்காரத் தொழிற்சாலையும் எழுந்தன. பத்திராவதியில் இரும்புத் தொழிற்சாலைக்கு வித்திட்டவரும் அவரே. கட்டாய ஆரம்பக் கல்விக்குச் சட்டம் செய்தார்; அவர் காலத்திற் பள்ளிகளின் தொகை இருமடங்கினும் மிகுந்தது. 1915-ல் பிரிட்டிஷ் அரசாங்கம் அவருக்குச் சர் பட்டம் அளித்தது.

அளவுகோலுக்கு எட்டாதது

இங்ஙனம் சிறந்து விளங்கிய திவான், 1918-ஆம் ஆண்டின் இறுதியிற் பதவியைத் துறந்தார். அதன் காரணத்தை மறைத்தல் சரித்திரம் எழுதுவோர்க்கு அழகன்று. மைசூரிலே அரசாங்க உத்தியோகங்களிற் பெரும்பகுதி பிராமணர் கையில் இருந்தது. தொகையிற் பெரும்பாலாராகிய மற்றை வகுப்பினர் தமக்கும் உரிய பங்கு வேண்டும் என்று கேட்டனர். நம் சென்னை ராஜதானியில் 1916-ல் எழுந்த நீதிக்கட்சியின் முழக்கமும் இதுவேயன்றோ? இக்கோரிக்கையை ஆராய 1918-ல் மன்னர் சர் லெஸ்லி மில்லர் தலைமையில் ஒரு கமிட்டியை நியமித்தார். தகுதி ஒன்றே உத்தியோகத்திற்கு அளவாதல் வேண்டும், வகுப்புப்பற்றி ஒதுக்குதல் கூடாது என்பது விசுவேசுவரய்யாவின் கொள்கை. மன்னரோடு கருத்து மாறுபட்ட அவர், கொள்கையைக் கைவிடாது பதவியைக் கைவிட்டார்.

கொள்கைக்காகப் பதவியைத் துறந்த உறுதியைப் போற்றுகின்றோம். ஆனால், அக்கொள்கையை நாம் முற்றிலும் ஏற்பதற்கில்லை. தலைமடையில் பிறந்தவன் வயலும் கடைமடையில் பிறந்தவன் வயலும் ஒரே அளவு விளையவில்லையென்றால், குற்றம் உழவனுடையதன்று. நீர் வந்து சேராததன் குற்றம் அது. தக்காணத்துக் கால்வாய்களில் இவ்வுண்மையை நன்கு கண்டு பகிர்ந்தளித்தவர், கல்வியும் உத்தியோகமும் பாய்கின்ற வாய்க்காலிலே அதனைக் காணவில்லை. தாமே வறுமையினின்று உழைத்து உயர்ந்தவராதலின், உழைத்தால் எவரும் உயரலாம் என்று அவர் நம்பினார் போலும். வறிய வீடேயாயினும் அவர் பிறந்தது ஏடு இருந்த வீடு. ஏடே நுழையாத வீடுகள் நாட்டிற் பல இருந்தன. மில்லர் கமிட்டியின் யோசனைகளை மைசூர் பின்னர் ஏற்றுக்கொண்டது. அத்தகைய ஏற்பாடுகளால் கல்வி பெற்ற குடும்பங்களினின்று வந்தோர் இன்று நம் கல்லூரி வகுப்புக்கள்தோறும் அமர்ந்திருப்பதே அவ்வழக்கிற்கு விடையாகும்.

பதவிக்குப் பின்

பதவி நீங்கியபின் அவர் ஓய்ந்திருந்தாரல்லர். 1922 ஜனவரியில் பம்பாயில் அரசாங்கத்திற்கும் காங்கிரசுக்கும் சமாதானம் நாடிக் கூடிய அரசியல் தலைவர் மகாநாட்டிலே, சர் சங்கரன் நாயர் அக்கிராசனத்தை விட்டு நீங்கியதும், அவ்விடத்தில் அமர்ந்து நடத்தியவர் விசுவேசுவரய்யா. 1923-ல் இந்திய விஞ்ஞானக் காங்கிரசிற்குத் தலைமை வகித்தார். அவ்வாண்டே பத்திராவதித் தொழிற்சாலை நஷ்டத்தில் தத்தளித்தபோது, அதன் நிர்வாகத் தலைமையை ஏற்று, அந்நிய நாட்டு நிபுணர்க்குப் பதிலாக நம் நாட்டினரைப் பழக்கி, ஆறு ஆண்டுகள் உழைத்து நிலைநிறுத்தினார். அப்பணிக்காகத் தமக்கு வரவேண்டியிருந்த ஊதியத்தைத் தாம் கொள்ளாது, பெங்களூரில் இளைஞர்க்குத் தொழிற்கல்வி அளிக்கும் நிலையம் ஒன்று எழுவதற்கு உதவினார். 1934-ல் இந்தியாவிற்குத் திட்டமிட்ட பொருளாதாரம் வேண்டும் என்று வற்புறுத்தி ஒரு நூல் இயற்றினார். சுதந்தர இந்தியா ஐந்தாண்டுத் திட்டத்தைத் தொடங்குவதற்குப் பதினேழு ஆண்டுகளுக்கு முன்னரே இந்நூல் தோன்றிற்று.

தொண்ணூறு பிராயம் கடந்தபின்னும், பீகாரிலே மொகாமாவில் கங்கைக்குப் பாலம் கட்டுவதற்குத் தக்க இடத்தை ஆராயும் பணியில் ஈடுபட்டார். 1955-ல் இந்திய அரசாங்கம் அவருக்குப் பாரத ரத்தினம் என்னும் விருதை அளித்தது. 1960-ல் அவருடைய நூற்றாண்டு விழாவை, அவர் கண்காண, நாடு கொண்டாடிற்று. 1962-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் பெங்களூரில் அவர் ஆவி நீங்கிற்று. முத்தேனஹள்ளியில் அவருக்கு நினைவிடம் உண்டு. அவர் பிறந்த செப்டம்பர் 15-ஆம் நாளை இந்தியா முழுவதும் இஞ்சினியர் தினமாகக் கொண்டாடி வருகின்றோம்.

நமக்குரிய பாடம்

நம் அவிநாசி வட்டாரத்தின் நிலைமையைச் சிறிது நினைப்போம். வடக்கே பவானி, தெற்கே நொய்யல், கிழக்கே காவிரி. இடையிலே வறண்ட மேட்டுநிலம். குளங்களும் குட்டைகளும் மழை பொய்த்த ஆண்டுகளில் வெடித்துக் கிடந்தன. கிணறுகள் ஆழமாயினவேயன்றி நீர் மிகவில்லை. பவானியின் மிகுதி நீர் இம்மேட்டிற்கு ஏறவேண்டும் என்ற கோரிக்கை தலைமுறைகளாய் எழுந்து, கடைசியாக 2024-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 17-ஆம் நாள் அத்திக்கடவு – அவிநாசித் திட்டம் தொடங்கப்பெற்றது. காலிங்கராயர் அணைக்குக் கீழே கிடைக்கும் மிகுதி நீரில் ஆண்டுக்கு 1.5 டி.எம்.சி. அளவை ஆறு நீரேற்று நிலையங்களால் மேலேற்றி, ஈரோடு, திருப்பூர், கோயம்புத்தூர் ஜில்லாக்களில் 1,045 குளம் குட்டைகளுக்குப் பகிர்வது அத்திட்டம். எழுநூறு ஆண்டுகளுக்கு முன் காலிங்கராயர் தொடங்கிய வேலைக்கு இது தொடர்ச்சியாகும்.

ஆயினும், குழாய் வந்ததனால் வேலை முடிந்துவிட்டதாக எண்ணற்க. 1.5 டி.எம்.சி. என்பது 150 கோடி கன அடி. அதனை 1,045-க்கு ஈந்தால் ஒவ்வொன்றுக்கும் சராசரி 14 லட்சத்துச் சொச்சம் கன அடியே வரும். எந்தக் குளத்திற்கு எவ்வளவு, எந்த மாதத்தில், எந்த முறையில் என்பதை அளந்து, எழுதி, ஊரார் எல்லாரும் காண வைக்காவிடின், இங்கும் தலைமடையென்றும் கடைமடையென்றும் பிளவு உண்டாகும். மைசூரையும் சென்னையையும் பிரித்த அதே வழக்கு, ஒரு குளத்தையும் அடுத்த குளத்தையும் பிரிக்கும்.

மாணவ நண்பர்களே! உங்களுள் இஞ்சினியர் ஆவோர் சிலர். ஊராட்சியிலும் சட்டசபையிலும் அமர்வோர் சிலர். பெரும்பாலோர் வாக்களிக்கும் குடிகளாய் இருப்பீர்கள். இஞ்சினியராவோர், கணக்கைக் கொண்டு குடிகளுக்கு உண்மையைச் சொல்லுங்கள். ஆட்சிபுரிவோர், கணக்கைக் கேட்டபின் கையொப்பமிடுங்கள். அக்கணக்கில் விட்டுப்போனவர் யாவர் என்றுங் கேளுங்கள். குடிகளாவோர், உங்கள் ஊர்க் குளத்தில் இன்று நீர் எத்துணை அடி நிற்கின்றது என்பதையேனும் அறிந்திருங்கள். விசுவேசுவரய்யா நமக்கு விட்டுச் சென்ற அளவுகோலை இவ்வாறு கையாள்வதே, மேல்மடைப் பெரியார் ஒருவருக்குக் கீழ்மடையிலுள்ளோர் செய்யத்தக்க மரியாதை என்று கூறி இதனை முடிக்கின்றோம்.